செபம் வருகிறது, சொல் வரவில்லை

(பொதுக்காலம் 23ஆம் ஞாயிறு: வானொலி மறையுரை)



இன்றைய நற்செய்தியில் (மாற்கு 7:31-37) காது கேளாத, பேச நாவெழாத ஒருவரை மக்கள் இயேசுவிடம் கொண்டுவருகிறார்கள். தனக்கு என்ன வேண்டும் என்று அவரால் சொல்ல முடியவில்லை. அவருக்காக மற்றவர்கள் கேட்கிறார்கள். அவரைப் போன்ற ஒருவர் நம் அன்பியங்களிலும் இருக்கிறார். பக்கவாதம் வந்து, கை கால் ஓரளவு தேறியும் பேச்சு மட்டும் திரும்பாமல் வீட்டுக்குள்ளேயே இருந்துவிட்ட பெரியவர் அவர். இன்று அவரைப் பற்றிச் சிந்திப்போம்.

அப்படிப்பட்ட வீடுகளில் ஒரு விந்தையைப் பார்க்கிறோம். மாலையில் செபமாலை தொடங்கினால், அந்தப் பெரியவர் மங்கள வார்த்தை செபத்தைக் குடும்பத்தாரோடு சேர்ந்து தடங்கல் இல்லாமல் சொல்கிறார். செபம் முடிந்த சற்று நேரத்தில் தாகம் எடுக்கிறது. ‘தண்ணீர்’ என்ற ஒரு சொல் வரவில்லை. கையை நீட்டுகிறார், ‘அது, அது’ என்கிறார், கண் கலங்குகிறார். வீட்டார் இரண்டில் ஒன்று சொல்கிறார்கள். “செபம் சொல்லத் தெரிகிறது, தண்ணீர் கேட்கத் தெரியாதா? வேண்டுமென்றே செய்கிறார்” என்பார்கள். அல்லது, “பாவம், புத்தி போய்விட்டது” என்பார்கள். அன்பானவர்களே, இரண்டும் உண்மை அல்ல.

இந்த நிலைக்கு மருத்துவத்தில் ‘அஃபேசியா’ என்று பெயர். பேச்சிழப்பு என்று நாம் சொல்லலாம். பக்கவாதம் வந்தவர்களில் ஏறக்குறைய மூன்றில் ஒருவருக்கு இது வருகிறது. இதில் குறை நாக்கிலோ தொண்டையிலோ இல்லை, மூளையில் இருக்கிறது. நம்மில் பெரும்பாலோருக்கு மொழியின் வேலை மூளையின் இடது பாதியில் நடக்கிறது. அந்தப் பாதிதான் உடலின் வலப்பக்கத்தையும் இயக்குகிறது. அதனால்தான் வலது கை விழுந்தவர்களுக்குப் பேச்சும் சேர்ந்து போவதை அடிக்கடி காண்கிறோம்.

1861இல் பாரிஸ் நகரில் பால் புரோக்கா என்ற மருத்துவர், பல ஆண்டுகளாக ‘டான்’ என்ற ஒரே ஒலியை மட்டும் சொல்லிவந்த ஒரு நோயாளியைக் கண்டார். மற்றவர்கள் பேசுவதில் பெரும்பகுதி அவருக்குப் புரிந்தது. அவர் இறந்தபின் மூளையைப் பார்த்தபோது இடப்பக்க முன்பகுதியில் சிதைவு இருந்தது. 1874இல் கார்ல் வெர்னிக்கே என்ற ஜெர்மன் மருத்துவர் வேறொரு வகையை விளக்கினார். அந்த நோயாளிகள் சரளமாகப் பேசுவார்கள், ஆனால் பேச்சில் பொருள் இருக்காது. பிறர் சொல்வதும் சரியாகப் புரியாது. அவர்களுக்குச் சிதைவு இடப்பக்கத்தில் காதை ஒட்டிய பகுதியில் இருந்தது. இந்த இரண்டாவது வகையைப் பார்த்துவிட்டு, பேய் பிடித்துவிட்டது என்று மந்திரிக்கக் கொண்டுபோகிறவர்களும் உண்டு. அது பேயும் அல்ல, பைத்தியமும் அல்ல.

காஞ்சிபுரத்து மக்களாகிய நமக்கு இதை விளக்கத் தறியே போதும். கோர்வைச் சேலை நெய்யும்போது மூன்று நாடாக்கள் ஓடுகின்றன. உடலுக்கு ஒன்று, இரண்டு கரைகளுக்கும் ஒவ்வொன்று. நெய்பவர் ஒருவர், பக்கத்தில் உதவியாள் ஒருவர். ஒரு நாடா நின்றுவிட்டால் என்ன ஆகும்? பட்டு இருக்கிறது, பாவு இருக்கிறது, நெய்ய வேண்டிய வடிவமும் மனத்தில் இருக்கிறது. சேலை மட்டும் வளராது. பேச்சும் அப்படித்தான். சொல்லைத் தேடும் வேலை, வரிசைப்படுத்தும் வேலை, ஒலியாக்கும் வேலை என்று பல பகுதிகள் சேர்ந்து உழைக்கின்றன. ஒன்று நின்றாலும் பேச்சு தடைப்படுகிறது. ஆனால் நெய்பவர் அங்கேயேதான் இருக்கிறார்.

அப்படியானால் செபம் மட்டும் எப்படி வருகிறது? புதிதாக ஒரு வாக்கியத்தைக் கட்டுவது ஒரு வேலை. ஆயிரம் முறை சொல்லிப் பழகியதைச் சொல்வது வேறு வேலை. எண்களை வரிசையாகச் சொல்வது, பாட்டுப் பாடுவது, செபம் சொல்வது ஆகியவற்றுக்கு மூளையின் வலப்பாதியும் ஆழப் பகுதிகளும் துணைநிற்கின்றன என்று கருதுகிறார்கள். ஆகவே செபம் சொல்கிறவர் நடிக்கவில்லை. தண்ணீர் கேட்க முடியாதவர் பிடிவாதம் பிடிக்கவில்லை.

ஆங்கில அகராதியை 1755இல் வெளியிட்ட சாமுவேல் ஜான்சன் என்ற அறிஞருக்கே இது நேர்ந்தது. 1783 ஜூன் மாதம் ஓர் இரவு, 73 வயதில், பேச்சு நின்றுவிட்டதை உணர்ந்தார். தம் உடலை வருத்தினாலும் அறிவை விட்டுவைக்கும்படி இறைவனை வேண்டினார். அறிவு இருக்கிறதா என்று சோதிக்க அந்த மன்றாட்டை மனத்துக்குள் இலத்தீன் கவிதையாகக் கட்டினார். கவிதை நன்றாக இல்லை. ஆனால் நன்றாக இல்லை என்பது தமக்குத் தெரிந்ததால், அறிவு கலங்கவில்லை என்று கண்டுகொண்டார். சில நாட்களில் கர்த்தர் கற்பித்த செபத்தை ஓரளவு தெளிவாகச் சொல்ல முடிந்ததைக் கடிதத்தில் எழுதினார். வாய் பேசாத அந்த இரவிலும் அவர் செபித்துக்கொண்டிருந்தார்.

நம் நாட்டிலும் இதற்குச் சான்று உண்டு. ஐதராபாத் நிம்ஸ் மருத்துவமனையில் டாக்டர் சுவர்ணா அல்லாடியும் அவருடைய குழுவினரும் பக்கவாதம் கண்ட 608 பேரை ஆராய்ந்தார்கள். ஒன்றுக்கு மேற்பட்ட மொழி பேசுவோரில் சுமார் 40 விழுக்காட்டினருக்குச் சிந்தனைத் திறன் குறையவில்லை. ஒரே மொழி பேசுவோரில் அது சுமார் 20 விழுக்காடுதான். ஆனால் பேச்சிழப்பு மட்டும் இரு சாராருக்கும் ஏறக்குறைய ஒரே அளவில் வந்திருந்தது. சிந்தனை வேறு, பேச்சு வேறு என்பது இதிலிருந்தும் தெரிகிறது. தமிழோடு தெலுங்கும் கன்னடமும் வீட்டு மொழியாக வழங்கும் ஊர் நம் ஊர். பேச்சிழந்தவருக்கு ஒரு மொழி முந்தியும் மற்றொன்று பிந்தியும் திரும்பலாம். ஆகவே அவர் மழலையில் கேட்ட மொழியிலும் பேசிப் பாருங்கள்.

பழக்கத்தால் வாயில் வருவது செபமாகுமா என்று சிலர் கேட்கலாம். எப்படிச் செபிப்பது என்று நமக்குத் தெரியாதபோது, சொல்லில் அடங்காத பெருமூச்சுகளால் தூய ஆவியாரே நமக்காகப் பரிந்து பேசுகிறார் என்று பவுலடியார் உரோமையருக்கு எழுதுகிறார் (8:26). சொந்தச் சொல் எதுவும் இல்லாதவர், எஞ்சியிருக்கும் ஒரே சொல்லைக் கடவுளுக்குக் கொடுக்கிறார். எல்லாச் சொல்லும் கைவசம் இருந்தும் கவனமில்லாமல் செபிக்கும் நாம், அவரைப் பற்றித் தீர்ப்பிடத் தகுதி உள்ளவர்களா?

ஆண்டவர் இயேசு அந்த மனிதரிடம் நடந்துகொண்ட விதத்தைப் பாருங்கள். முதலில் கூட்டத்திலிருந்து தனியே அழைத்துச் செல்கிறார். காதையும் நாவையும் தொடுகிறார், வானத்தை அண்ணாந்து பார்க்கிறார். கேட்காதவருக்குப் புரியும் சைகையில் முதலில் பேசுகிறார். பிறகுதான் ‘எப்பத்தா’ என்று தம் தாய்மொழியான அரமேயத்தில் ஒரே சொல் சொல்கிறார். தனிமை, தொடுதல், சைகை, ஒரு சிறு சொல். நாமும் இதையே செய்யலாம்.

தொலைக்காட்சியை நிறுத்திவிட்டு எதிரில் அமருங்கள். சிறு வாக்கியமாகப் பேசுங்கள். உரக்கக் கத்த வேண்டாம், அவர் செவிடர் அல்லர். “காப்பியா, தண்ணீரா?” என்று பொருளைக் காட்டிக் கேளுங்கள். பதிலுக்குக் காத்திருங்கள், வாக்கியத்தை நீங்களே முடித்துவிடாதீர்கள். பேனாவைக் கொடுத்தால் எழுதிக் காட்டுவார் என்று எண்ண வேண்டாம். திருமுழுக்கு யோவானின் தந்தை செக்கரியா எழுதிக் காட்டினார், பேச்சிழப்பில் எழுத்தும் பெரும்பாலும் தடைப்படும். அவர் முன்னிலையில் அவரைப் பற்றியே பேசாதீர்கள். சொத்துப் பத்திரத்தில் அவர் கட்டைவிரலை ஒற்றி எடுக்கும்முன், அவர் சம்மதத்தைத் தலையசைப்பிலாவது கேளுங்கள். அப்படிக் கேட்காமல் எடுப்பது அநீதி.

திருச்சபை இவர்களை ஒதுக்கவில்லை. பேச முடியாதவர் சைகையால் திருமணச் சம்மதம் தரலாம் என்று திருச்சபைச் சட்டம் 1104 சொல்கிறது. மொழிபெயர்ப்பாளர் துணையோடு ஒப்புரவு அருளடையாளம் பெறலாம் என்கிறது சட்டம் 990. ஆகவே, “அப்பாவால் பேச முடியாதே, சாமியார் வந்து என்ன செய்வார்?” என்று தயங்க வேண்டாம். பங்குத்தந்தைக்குச் சொல்லி அனுப்புங்கள். அரசின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம், 2016 நிரந்தரப் பேச்சிழப்பைப் பெயர் சொல்லியே மாற்றுத்திறனாகச் சேர்த்திருக்கிறது. சான்றிதழ் கேட்கும் உரிமை அவருக்கு உண்டு.

இன்னொன்றும் நினைவில் வையுங்கள். திடீரென ஒருவருக்கு வாய் கோணினால், ஒரு கை தளர்ந்தால், பேச்சு குழறினால், அடுத்த நாள் பார்க்கலாம் என்று இருந்துவிடாதீர்கள். 108ஐ அழையுங்கள். இரத்தக் கட்டியைக் கரைக்கும் மருந்து, தகுதியுள்ளவர்களுக்கு 4.5 மணி நேரத்துக்குள் போடப்பட வேண்டும். விழுங்கும்போது புரையேறும் என்பதால் வாயில் தண்ணீரோ மாத்திரையோ கொடுக்காதீர்கள். பிறகு பேச்சுப் பயிற்சியை விடாமல் தொடருங்கள். மாதங்கள் கழித்தும் சொற்கள் திரும்புவதுண்டு.

இந்த வாரம் ஒவ்வோர் அன்பியமும் இப்படிப்பட்ட ஒருவரின் வீட்டில் செபமாலை சொல்வோமாக. முதல் மணியை அவரே தொடங்கட்டும். அவசரப்படாமல் காத்திருப்போம்.

செபிப்போம். ஆண்டவரே, சொல் இழந்த எம் சகோதர சகோதரிகளின் உள்ளத்தில் இருப்பதை நீர் அறிவீர். அவர்களுக்குப் பொறுமையையும், எங்கள் காதுகளுக்குத் திறப்பையும் தாரும். ஆமென்.