மெத்தனால் என்னும் பெயர்: பொருளும் புழக்கமும்

மெத்தனால் ஒரே ஒரு கார்பன் அணுவைக் கொண்ட ஆல்கஹால். ஆல்கஹால் குடும்பத்தில் இதைவிட எளியது இல்லை. நிறமற்றது, நீரோடு எந்த விகிதத்திலும் கலக்கும், 64.7 பாகை செல்சியசில் கொதிக்கும். இந்த ஒரு திரவத்துக்கு வழங்கிய பெயர்களோ பல: மர ஸ்பிரிட், மர நாப்தா, பைரோசைலிக் ஸ்பிரிட், மெத்தில் ஆல்கஹால், கார்பினால், கொலம்பியன் ஸ்பிரிட்ஸ், மெத்தனால். தமிழில் மரச்சாராயம் என்றும் மெத்தில் ஆல்கஹால் என்றும் எழுதினார்கள். இலங்கை வழக்கில் அது மெதனோல்.

தலைப்பின் பின்னணி அவையில் பலருக்குப் பாதி தெரிந்ததே. 'மரச்சாராயம்' என்ற சொல் கலைச்சொற் பட்டியலில் இருக்கலாமா கூடாதா என்பது குழுக்கூட்டங்களில் தீராமல் கிடக்கும் வழக்கு. இருக்கலாம் என்போர், மெத்தனாலின் கிரேக்க மூலத்துக்கே அதுதான் பொருள், நேரான தமிழாக்கத்தை ஏன் தள்ள வேண்டும் என்று கேட்கிறார்கள். இன்னொரு சாரார், பெயர் வெறும் அடையாளச் சீட்டு, எதை ஒட்டினாலும் பொருள் மாறாது என்று விலகிக்கொள்கிறார்கள். இரு சாராரும் தவறு என்பதே இந்தச் சொற்பொழிவின் நிலை. ஒரு நச்சுப்பொருளின் பெயர் எங்கிருந்து வந்தது என்பது இரண்டாம் கேள்வி. அதைக் கேட்டவர் என்ன செய்வார் என்பதே முதற்கேள்வி.

1. மூலம்

மரத்தைக் காற்றுப்படாமல் மூடிச் சூடாக்கினால் கரி மிஞ்சும். ஆவியாகப் போவதைக் குளிரவைத்தால் தார் கலந்த, புகைநெடி வீசும் புளிநீர் இறங்கும். அதிலிருந்து ஒரு ஸ்பிரிட்டைப் பிரிக்கலாம் என்று ராபர்ட் பாயில் 1661-இலேயே எழுதினார். அது இன்னதென்று உறுதிப்பட 1834 வரை ஆயிற்று. அவ்வாண்டு பாரிசில் துமா, பெலிகோ என்ற இரு வேதியியலர் அதைப் பகுத்தாய்ந்து, அதன் அடிப்படைக் கூறுக்கு மெத்திலீன் என்று பெயர் வைத்தனர். கிரேக்கத்தில் 'மெத்தி' மது, 'ஹைலே' மரம்; மரத்து மது என்பது அவர்கள் கருத்து.

மூலவாதிகள் நிற்கும் இந்த இடமே உறுதியானதல்ல. 'ஹைலே' காட்டையும் வெட்டிய மரத்தையும் சுட்டும் சொல். மரம் என்ற பொருளுக்குக் கிரேக்கர் சொல்வது 'க்சைலோன்'. துமா, பெலிகோவுக்கு இரண்டே ஆண்டு முன்பு, 1832-இல், லீபிக், வோலர் என்ற வேதியியலர் அதே 'ஹைலே'யை 'மூலப்பொருள்' என்ற கருத்தில் எடுத்துப் பென்சாயில் என்ற பெயரை ஆக்கியிருந்தார்கள். ஆக, ஒரே விகுதிக்கு இரண்டாண்டு இடைவெளியில் இரண்டு பொருள். பிறகு மெத்திலீனிலிருந்து மெத்தில் கிளைத்தது. 'இல்' தனி விகுதியாகப் பிரிந்து நின்றது. எஞ்சிய 'மெத்' ஒரு கார்பன் என்ற எண்ணுப்பொருளை ஏற்றது. மீத்தேனில் மரமும் இல்லை, மதுவும் இல்லை, ஒன்று என்ற எண்தான் இருக்கிறது. 1892-இல் ஜெனீவாவில் கூடிய வேதியியலர் ஆல்கஹால்களுக்கு 'ஆல்' என்ற ஈற்றை வகுத்தபோது மெத்தனாலின் பொருள் முடிந்த முடிபாயிற்று: ஒரு கார்பன் கொண்ட ஆல்கஹால். இடையில் வேதியியலர் கோல்பே முன்மொழிந்த கார்பினால் சில காலம் பாடநூல்களில் வாழ்ந்து ஒதுங்கியது.

கிரேக்க 'மெத்தி'யும் வடமொழி 'மது'வும் ஒரே வேரின் கிளைகள். இலங்கைத் தமிழர் ஆல்கஹாலை மதுசாரம் என்கையில் அந்த வேரைத்தான் தொடுகிறார்கள். இது மொழியியலருக்கு இனிக்கும் செய்தி. கலைச்சொல் ஆக்குவோருக்கு இதனால் பயனில்லை.

2. கொலம்பியன் ஸ்பிரிட்ஸ்

பெயர் வெறும் சீட்டு என்போர் அமெரிக்காவில் 1890களில் நடந்ததைப் பார்க்க வேண்டும். அதுவரை சந்தைக்கு வந்த மர ஸ்பிரிட் மஞ்சளோ பழுப்போ ஆன, மூக்கைத் துளைக்கும் திரவம். அசிட்டோனும் தார் எச்சங்களும் அதில் கலந்திருந்தன. விளக்கெரிக்கவும் அரக்கைக் கரைத்து மெருகெண்ணெய் செய்யவும் தொப்பிகளை விறைப்பாக்கவும் அது போதுமானதாக இருந்தது. குடிக்கச் சொன்னாலும் யாரும் வாயருகே கொண்டுபோக மாட்டார்கள். அந்த நாற்றமே அதன் காவல்.

சுத்திகரிப்பு முறைகள் தேறியதும் அந்தக் காவல் போயிற்று. மறுபடி மறுபடி வடித்தெடுத்த மர ஸ்பிரிட் தண்ணீர்போல் தெளிந்தது; தானிய ஆல்கஹாலிலிருந்து மூக்காலோ நாக்காலோ பிரித்தறிவது எளிதாக இல்லை. ஆலைகள் அதற்குப் புதுப்பெயர்கள் சூட்டின. அவற்றுள் பேர்போனது கொலம்பியன் ஸ்பிரிட்ஸ். பெயரில் மரமும் இல்லை, நஞ்சும் இல்லை. இருந்தது 'ஸ்பிரிட்ஸ்' மட்டும். ஆங்கிலம் பேசும் எவருக்கும் அது விஸ்கி, பிராந்தி வகையறாவைச் சுட்டும் சொல். பொருள் தன்னைப் பற்றித் தானே எச்சரிக்கும் ஆற்றலை இழந்த அதே வேளையில், எச்சரிக்க வேண்டிய பெயர் அழைப்பாக மாறியது. நாற்றம் செய்துவந்த வேலையைப் பெயர் ஏற்றுச் செய்திருக்க வேண்டும், செய்யவில்லை.

உடலின் எச்சரிக்கையும் காலந்தாழ்ந்தே வருகிறது என்பதால் இந்தக் குறை உயிர்க்குறையாயிற்று. மெத்தனால் உள்ளே போனதும் சாதாரணப் போதைதான் தெரியும். கல்லீரல் நொதிகள் அதை முதலில் ஃபார்மால்டிஹைடாகவும் அடுத்து ஃபார்மிக் அமிலமாகவும் மாற்றுகின்றன. எறும்புக்கடியில் இருக்கும் அதே அமிலம். அது சேர்ந்து இரத்தத்தைப் புளிக்கச் செய்து பார்வை நரம்பைத் தாக்கப் பெரும்பாலும் அரைநாள் முதல் ஒருநாள் ஆகும். குடித்தவர் நன்றாகத் தூங்கி எழுந்து, கண்முன் வெண்பனி பொழிவதாகச் சொல்லத் தொடங்குவார். 10 மில்லி லிட்டர் அளவே கண்ணைப் பறித்ததுண்டு. இத்தகைய பொருளை முதல் மிடறிலேயே கண்டுகொள்ள வழி கிடையாது. புட்டியின் மேல் எழுதியிருப்பதுதான் ஒரே தடுப்பு.

புட்டிமேல் எழுதியிருந்ததையும் கொஞ்சம் பார்க்கலாம். எலுமிச்சை எசன்ஸ், ஜமைக்கா இஞ்சிச் சாறு, தலைக்குத் தடவும் பே ரம், வலிக்குத் தேய்க்கும் மருந்துகள் ஆகியவற்றில் தானிய ஆல்கஹாலுக்குப் பதிலாக இது ஊற்றப்பட்டது. மதுவிலக்கு நடப்பிலிருந்த ஊர்களில் இஞ்சிச் சாற்றையும் எசன்ஸையும் வாங்கிக் குடிப்பது வழக்கம். வாங்கியவர் கண்ட பெயர் எலுமிச்சை. கலந்தவர் கண்ட பெயர் ஸ்பிரிட். மெத்தில் என்ற சொல் எவர் கண்ணிலும் படவில்லை. குடிக்காதவரும் தப்பவில்லை. பீர்த் தொட்டிகளின் உட்புறத்துக்கு அரக்கு மெருகு பூசத் தொட்டிக்குள்ளேயே இறங்கி வேலைபார்த்தவர்கள், மூடிய இடத்தில் அந்த ஆவியை இழுத்தே பார்வை இழந்தார்கள், இறந்தும் போனார்கள்.

மான்ட்ரியலின் கண் மருத்துவர் ஃபிராங்க் புல்லரும் சிகாகோவின் கேசி வுட்டும் இந்நேர்வுகளை ஊர் ஊராகத் திரட்டி, 1904-இல் அமெரிக்க மருத்துவச் சங்க இதழில் வெளியிட்டனர். குருடானோரும் இறந்தோருமாக இருநூறுக்கு மேற்பட்டவர்களின் விவரம் அதில் உண்டு. கட்டுரைத் தலைப்பிலேயே கொலம்பியன் ஸ்பிரிட்ஸ் என்ற வணிகப் பெயரை அவர்கள் ஏற்றினார்கள். பழியில் பெயருக்கும் பங்குண்டு என்பது அவர்களுக்குத் தெரிந்திருந்தது. 

இங்கே எதிர்த்தரப்பு எழுப்பும் தடை புதிதல்ல: காரணம் வரி, பெயரல்ல. உண்மைதான், தானிய ஆல்கஹாலுக்கு அப்போது ஒரு புரூஃப் காலனுக்கு 1.10 டாலர் வரி. மர ஸ்பிரிட்டுக்கு வரியே இல்லை. 1906-இல் இயற்றிய சட்டம் இயல்பு திரிந்த தானிய ஆல்கஹாலின் வரியை நீக்கியதும் மர ஸ்பிரிட்டின் கவர்ச்சி குறைந்தது. ஆனால் வரி விளக்குவது விற்றவரை. வாங்கிக் குடித்தவரை விளக்க வரி போதாது. மலிவாயிருந்தும் டர்பன்டைனை யாரும் எசன்ஸில் ஊற்றவில்லை, ஊற்றியிருந்தால் யாரும் குடித்திருக்கவும் மாட்டார்கள்.

தேசிய மதுவிலக்கு வாதத்தின் இன்னொரு பக்கத்தைக் காட்டியது. 1919 கிறிஸ்துமஸையொட்டிக் கனெக்டிகட் ஆற்றுப் பள்ளத்தாக்கு ஊர்களில் மர ஆல்கஹாலை விஸ்கி என்று விற்றுப் பலர் மடிந்தனர். தொழிற்சாலை ஆல்கஹாலைக் குடிக்கவிடாமல் தடுக்க அரசே அதில் மெத்தனாலைக் கலக்கச் செய்தது. 1927 தொடக்கத்தில் அந்த அளவு கூட்டப்பட்டபோது, நியூயார்க் நகரத் தலைமை மரண விசாரணை மருத்துவர் சார்லஸ் நாரிஸ் அதை வெளிப்படையாகக் கண்டித்தார். இந்தப் பத்தாண்டில்தான் மர ஆல்கஹால் என்ற பெயரைக் கைவிட்டு மெத்தனால் என்ற பெயருக்கு அமெரிக்க ஆலைகள் மாறின. ஆல்கஹால் என்ற சொல் காதில் விழக்கூடாது என்பதே நோக்கம். சாவு நின்றதா என்றால், நிற்கவில்லை. மதுவிலக்குக் காலத்தில் குடித்தவர் சீட்டைப் படிக்கவில்லை; விற்றவன் சொன்ன பெயரை நம்பினார். நல்ல பெயர் சீட்டுள்ள புட்டியை மட்டுமே காக்கும். அதன் வீச்சு அவ்வளவுதான் என்பதை ஒப்புக்கொள்வதால் தீய பெயர் நல்லதாகிவிடாது.

3. மெத்திலேட்டட் ஸ்பிரிட்டும் மெத்தில் ஆல்கஹாலும்

பிரிட்டன் 1855-இல் வேறு வழியில் குழப்பத்தை உண்டாக்கியது. ஒன்பது பங்கு தானிய ஸ்பிரிட்டில் ஒரு பங்கு மர நாப்தாவைக் கலந்து வரியில்லாமல் விற்கலாம் என்று அனுமதித்து, அக்கலவைக்கு மெத்திலேட்டட் ஸ்பிரிட் என்று பெயரிட்டது. பெரும்பங்கு எத்தனால், பெயர் சிறுபங்கினுடையது. அடுப்புக்கும் அறைகலன் மெருகுக்கும் வீட்டுக்கு வீடு புழங்கிய அந்தப் புட்டியால் மெத்தில் என்ற ஒலி பழகிப்போயிற்று. அதைக் குடித்துப் பிழைத்தவரும் இருந்ததால், தூய மெத்தில் ஆல்கஹாலையும் அதுபோல் எண்ணும் ஆபத்து உண்டாயிற்று.

இந்தக் குழப்பம் தமிழ்நாட்டுச் சட்டத் தலைப்பு ஒன்றில் உறைந்திருக்கிறது. 1959-ஆம் ஆண்டு விதிகள், இயல்பு திரிந்த ஸ்பிரிட், மெத்தில் ஆல்கஹால், வார்னிஷ் எனப்படும் ஃபிரெஞ்ச் பாலிஷ் ஆகிய மூன்றையும் ஒரே வரியில் அடுக்குகின்றன. மதுவிலக்கு அலுவலர் பார்வையில் மூன்றும் குடிக்க வாய்ப்புள்ளவை, அடுக்கியது பொருத்தமே. வேதியியலர் பார்வையில் நடுவில் இருப்பது மற்ற இரண்டையும்விடக் கொடிய நஞ்சு.

2023 மே மாதம் மரக்காணம் பகுதியில் நேர்ந்த சாவுகளின்போது, அது காய்ச்சிய கள்ளச்சாராயம் அல்ல, தொழிற்சாலையிலிருந்து வந்த மெத்தனால் என்று காவல்துறை விளக்கம் தந்தது. நாளிதழ்கள் கள்ளச்சாராயம், விஷச்சாராயம், மெத்தனால் கலந்த சாராயம் என்று மாற்றி மாற்றி எழுதின. 2024 ஜூனில் கள்ளக்குறிச்சி கருணாபுரத்தில் 60-க்கு மேற்பட்டோர் இறந்தபோதும் அதே சொற்கள். 'விஷச்சாராயம்' என்றால் அது கெட்டுப்போன சாராயம், நல்லதாகப் பார்த்து வாங்கினால் போதும் என்ற எண்ணம் வருகிறது. பாடநூலில் 'மரச்சாராயம்' என்று படித்த மாணவருக்கும் அந்த எண்ணம் வராது என்று எந்தக் குழு உறுதிசொல்லும்?

4. மரம் போனபின்

1923-இல் ஜெர்மனியின் லாய்னாவில் பிஏஎஸ்எஃப் நிறுவனம் கார்பன் மோனாக்சைடையும் ஹைட்ரஜனையும் உயரழுத்தத்தில் இணைத்து மெத்தனாலைத் தொழில்முறையில் தயாரிக்கத் தொடங்கியது. 1966-இல் ஐசிஐ நிறுவனம் செம்பு வினையூக்கியால் அழுத்தத்தைப் பெரிதும் குறைத்தது. இன்று மூலப்பொருள் பெரும்பாலும் இயற்கை எரிவாயு, சீனாவில் நிலக்கரி. ஒட்டுப்பலகைப் பசைக்கான ஃபார்மால்டிஹைடு, அசிட்டிக் அமிலம், பயோடீசல், கப்பல் எரிபொருள் என்று பயன் விரிகிறது. இவற்றில் எதற்கும் மரம் வேண்டியதில்லை. ஆகவே மூலவாதம் வரலாற்றுக் குறிப்பாக மட்டுமே நிற்கும்.

சீட்டுவாதத்துக்கு ஒரு சலுகை. டாங்கர் லாரியின் பலகையில் மெத்தனாலுக்கு 1230, எத்தனாலுக்கு 1170 என்ற ஐநா எண்கள் உண்டு. தீயணைப்பாளருக்கு அவை போதும். மெத்தனால், எத்தனால் இரண்டும் காதில் ஏறக்குறைய ஒன்றாக ஒலிக்கின்றன என்ற தடையும் வலுவானதே. அதற்கு விடை மரச்சாராயத்துக்குத் திரும்புவதல்ல. மெத்தனாலோடு 'நச்சு' என்ற அடையைச் சேர்த்தே அச்சிடுவது.

5. மேலாய்வுக்கு

நேரம் குறைவு, சிலவற்றைச் சுட்ட மட்டுமே இயலும். தமிழ்நாட்டு, இலங்கைப் பாடநூல்களில் இப்பொருளின் பெயர் பதிப்புக்குப் பதிப்பு மாறியதை ஒருவர் தொகுக்கலாம். வேதிப்பொருள் கடைகளில் கேனின் மேல் என்ன எழுதுகிறார்கள், பெயின்ட் தின்னர் வாங்குவோர் எப்பெயர் சொல்லிக் கேட்கிறார்கள் என்பதற்குக் களஆய்வு தேவை. எரிசாராயம் என்ற சொல் எத்தனாலுக்கு மட்டுமா, பிறவற்றுக்கும் வழங்குகிறதா என்பதும் பார்க்கத்தக்கது. கிளைக்கால்கள் தனி ஆய்வுக்குரியவை: 1937-இல் அமெரிக்காவில் டைஎத்திலீன் கிளைக்காலில் கரைத்த சல்ஃபனிலமைடு மருந்து நூற்றுக்கு மேற்பட்டோரைக் கொன்றபோது, எலிக்சிர் என்று பெயரிட்ட ஒன்றில் ஆல்கஹால் இல்லை என்ற பெயர்க்குற்றத்தைக் காட்டித்தான் அதிகாரிகளால் அதைப் பறிமுதல் செய்ய முடிந்தது. அவ்வழக்கின் ஆவணங்களைத் தமிழில் இன்னும் விரிவாக எழுத வேண்டும்.