பாரதிதாசன் என்ற சினிமாக்காரர்

பெருமாள் கோயில் தெருவுல பாரதிதாசன் வாழ்ந்த வீடு இப்போ அருங்காட்சியகமா இருக்கு. வண்டியில அதைத் தாண்டிப் போயிருப்பீங்க. ஸ்கூல் மனப்பாடப் பகுதியோட நாம மூடி வெச்ச அந்தக் கவிஞரோட இன்னொரு வேலையைப் பத்திதான் இன்னைக்குப் பேசப்போறேன். அவர் சினிமாவுக்கு வசனம் எழுதினவர்.

1891-ல இங்கேயே பிறந்த கனகசுப்புரத்தினம், பிரெஞ்சு அரசுப் பள்ளியில தமிழ் வாத்தியார். 1946-லதான் ஓய்வு. ஆனா 1937-லேயே 'பாலாமணி' படம் மூலமா சினிமாவுக்குள்ள வந்துட்டார். அப்புறம் 'கவி காளமேகம்', 'சுபத்திரா', 'சுலோச்சனா'. பாருங்க, 1934-ல 'இரணியன் அல்லது இணையற்ற வீரன்' நாடகம் போட்ட பகுத்தறிவுக்காரர், புராணப் படத்துக்கும் எழுதியிருக்கார். எனக்கு இது உறுத்தத்தான் செய்யுது. அன்னைக்கு சினிமாவுல எழுதணும்னா பெரும்பாலும் புராணம்தான் கிடைச்சிருக்கும்.

தன் சொந்தக் கதை திரைக்கு வந்தது 1950-ல. 'எதிர்பாராத முத்தம்' காவியத்தை சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் 'பொன்முடி'ன்னு எடுத்தாங்க. முத்து வணிகர் வீட்டுப் பிள்ளைகளோட காதல். இயக்கினவர் எல்லிஸ் ஆர். டங்கன், அமெரிக்கர், தமிழே தெரியாது! காதல் காட்சிகள் ரொம்ப நெருக்கமா இருக்குன்னு அப்பவே முணுமுணுப்பு.

அடுத்து 1952-ல 'வளையாபதி'. ஐம்பெருங்காப்பியத்துல ஒண்ணு, ஆனா மிஞ்சியிருக்கறது எழுபத்துச் சொச்சம் பாட்டுதான். அதை வெச்சு முழுப் படத்துக்கு எழுதறது சும்மா இல்ல. அதுலதான் சண்டையும் வந்தது. பாடறதுக்கு வசதியா இருக்கட்டும்னு பாட்டுல ஒரே ஒரு சொல்லை அவரைக் கேட்காம மாத்திட்டாங்களாம். மனுஷன் ஒப்பந்தத்தைக் கிழிச்சுப் போட்டுட்டு வெளிய வந்துட்டார்னு பரவலா சொல்வாங்க. 'ஒரு சொல்லுக்கா?'ன்னு கேட்கலாம். எழுதறவங்களுக்கு அந்தக் கோபம் புரியும்.

நடுவுல 1955-ல புதுச்சேரி சட்டமன்றத்துக்கும் போனார், அது தனி எபிசோடுக்கான விஷயம்.

அவருக்கு இருந்த பெரிய ஆசை 'பாண்டியன் பரிசு'. 1943-ல தான் எழுதின காவியத்தை, தானே படமா எடுக்கணும். யாரும் சொல்லை மாத்த முடியாதே! அதுக்காக எழுபது வயசுல, 1961-ல, புதுச்சேரியை விட்டுச் சென்னைக்குக் குடிபோனார். படம் வரவேயில்லை. 1964 ஏப்ரல் 21-ல அங்கேயே இறந்துபோனார்.

1969-க்கான சாகித்திய அகாதமி விருது அவரோட 'பிசிராந்தையார்' நூலுக்குக் கிடைச்சது. அது கவிதைப் புத்தகம் இல்லைங்க, நாடகம்.