ஒரு கண் போதும் என்று காட்டிய பீட்டர் ஃபால்க்



ஒரு மனிதரை முதல் பார்வையிலேயே எடை போட்டுவிடுவது நம்மில் பலருக்குப் பழகிப்போன ஒன்று. அவருடைய உடையைப் பார்க்கிறோம், நடையைப் பார்க்கிறோம், உடலில் ஏதாவது ஒரு குறை தென்பட்டால் அதைத்தான் முதலில் பார்க்கிறோம். 'இவரால் என்ன ஆகப்போகிறது?' என்று மனத்துக்குள்ளேயே தீர்ப்பும் எழுதிவிடுகிறோம். அப்படி அவசரத் தீர்ப்பு எழுதியவர்களை எல்லாம் பின்னாளில் வெட்கப்பட வைத்த ஓர் அமெரிக்க நடிகரைப் பற்றித்தான் இன்று பேசப்போகிறோம்.

அவர் பெயர் பீட்டர் ஃபால்க். பெயரை மட்டும் சொன்னால் சிலருக்கு உடனே நினைவுக்கு வராது. கசங்கிய மழைக்கோட்டு, விரலிடுக்கில் சுருட்டு, எப்போது நிற்கும் என்று தெரியாத பழைய கார், விசாரணையை முடித்துக்கொண்டு வாசல் வரை போய்விட்டு, தலையைச் சொறிந்தபடி திரும்பி வந்து 'இன்னும் ஒரே ஒரு விஷயம் ஐயா' என்று கேட்கும் போலீஸ் அதிகாரி என்றால் பலருக்கும் முகம் மலரும். ஆம், துப்பறியும் கொலம்போ. அந்தக் கொலம்போதான் பீட்டர் ஃபால்க்.

மூன்று வயதில் இழந்த கண்

பீட்டர் ஃபால்க் 1927ஆம் ஆண்டு செப்டம்பர் 16ஆம் நாள் நியூயார்க் நகரில் பிறந்தார். பெற்றோர் துணிக்கடை நடத்தியவர்கள். ஃபால்க்குக்கு மூன்று வயதானபோது வலது கண்ணின் விழித்திரையில் புற்றுநோய் என்று கண்டுபிடித்தார்கள். உயிரைக் காப்பாற்ற வேண்டுமானால் கண்ணை எடுத்தாக வேண்டும். எடுத்துவிட்டார்கள். அன்று முதல் வாழ்நாள் முழுவதும் அந்த இடத்தில் செயற்கைக் கண்தான்.

இப்படி ஒரு பிள்ளை நம் வீட்டில் இருந்தால் என்ன செய்வோம்? 'வெயிலில் போகாதே, விளையாடாதே, விழுந்துவிடுவாய்' என்று வீட்டுக்குள்ளேயே வைத்துப் பூட்டியிருப்போம். ஆனால் ஃபால்க் பேஸ்பால் விளையாடினார், கூடைப்பந்து விளையாடினார். பள்ளியின் இறுதியாண்டில் வகுப்புத் தலைவராகவும் தேர்ந்தெடுக்கப்பட்டார்.

பள்ளிக்கால பேஸ்பால் ஆட்டம் ஒன்றைப் பற்றி அவர் பின்னாளில் சிரித்துச் சிரித்துச் சொல்வார். நடுவர் அவரை 'அவுட்' என்று அறிவித்தார். ஃபால்க்குக்கோ, தாம் அவுட் இல்லை என்பதில் சந்தேகமே கிடையாது. உடனே தம் செயற்கைக் கண்ணைக் கழற்றி நடுவரிடம் நீட்டி, 'இது உமக்குத்தான் தேவை' என்ற பொருளில் சொன்னாராம். மைதானமே சிரித்தது.

இதை வெறும் வேடிக்கையாக எடுத்துக்கொள்ளக் கூடாது. தம்மிடம் உள்ள குறையை மறைத்து வைப்பவன் அது எப்போது வெளியே தெரியுமோ என்று ஒவ்வொரு நாளும் அஞ்சிக்கொண்டே இருப்பான். அதைத் தானே எடுத்து மேசைமேல் வைத்துவிட்டவனை யாரால் கேலி செய்ய முடியும்?

கப்பல் சமையலறையும் அரசாங்க அலுவலகமும்

இரண்டாம் உலகப் போர் முடியும் தறுவாயில் ஃபால்க் ராணுவத்தில் சேர முயன்றார். ஒரு கண் இல்லாதவரை ராணுவம் ஏற்கவில்லை. அவர் சோர்ந்து உட்காரவில்லை. வணிகக் கப்பலில் சமையல் உதவியாளராகவும் உணவு பரிமாறுபவராகவும் சேர்ந்துகொண்டார். கப்பலில் கேப்டன் ஒருவருக்குக் கண் தெரிந்தால் போதும், மற்றவர்களுக்குத் தேவையில்லை என்று அதையும் நகைச்சுவையாகவே சொன்னவர் அவர்.

கடலிலிருந்து திரும்பியவர் படிப்பைத் தொடர்ந்தார். 1951இல் இலக்கியத்திலும் அரசியல் அறிவியலிலும் பட்டம் பெற்றார். 1953இல் சிரக்யூஸ் பல்கலைக்கழகத்தில் பொது நிர்வாகத்தில் முதுகலைப் பட்டமும் வாங்கினார். கனெக்டிகட் மாநில அரசின் வரவு செலவுத் துறையில் வேலை கிடைத்தது. என்ன வேலை தெரியுமா? அலுவலகப் பணிகள் வீண்செலவு இல்லாமல், காலதாமதம் இல்லாமல் நடப்பதற்கு ஆலோசனை சொல்லும் வேலை. அந்த வேலையில் சேர்ந்த முதல் நாளே அலுவலகக் கட்டடம் எங்கே என்று தெரியாமல் அலைந்து, தாமதமாகத்தான் போய்ச் சேர்ந்தார் நம் நிபுணர்!

நல்ல சம்பளம், நிரந்தர வேலை, ஓய்வூதியம். பெற்றவர்களுக்கு வேறு என்ன வேண்டும்? ஆனால் ஃபால்க்கின் மனம் நாடகத்தில் இருந்தது. ஓய்வு நேரத்தில் உள்ளூர் நாடகக் குழுவில் நடித்தார். ஈவா லெ காலியென் என்ற புகழ்பெற்ற நாடக நடிகை வேறு ஊரில் வகுப்பு நடத்தினார். அது தொழில்முறை நடிகர்களுக்கு மட்டுமான வகுப்பு. ஃபால்க் தாமும் ஒரு தொழில்முறை நடிகர் என்று பொய் சொல்லிச் சேர்ந்துகொண்டார்.

ஒவ்வொரு வாரமும் வேலை முடிந்து நெடுந்தூரம் கார் ஓட்டி வருவதால், வகுப்புக்குத் தாமதமாகவே வந்தார். ஒரு நாள் ஆசிரியர் கேட்டுவிட்டார், ஏன் எப்போதும் தாமதம் என்று. ஹார்ட்ஃபோர்ட் நகரிலிருந்து வருவதாகச் சொன்னார். அந்த ஊரில் தொழில்முறை நாடகமே இல்லையே, அங்கே நடிகருக்கு என்ன வேலை என்று அடுத்த கேள்வி வந்தது. வேறு வழியில்லாமல், தாம் நடிகர் அல்ல என்று உண்மையை ஒப்புக்கொண்டார். அந்த அம்மையார் அவரைக் கூர்ந்து பார்த்துவிட்டு, 'அப்படியானால் நீ நடிகனாகத்தான் ஆக வேண்டும்' என்றார். அந்த ஒரு சொல் போதுமானதாக இருந்தது. ஃபால்க் ஊருக்குத் திரும்பினார், அரசாங்க வேலையை விட்டார், 1956இல் நியூயார்க் நாடக உலகில் நுழைந்தார். அப்போது அவருக்கு வயது முப்பதை நெருங்கிக்கொண்டிருந்தது.

நேயர்களே, ஓர் ஆசிரியரின் ஒரு வாக்கியத்துக்கு எவ்வளவு வலிமை இருக்கிறது, பார்த்தீர்களா?

'இரண்டு கண் உள்ள நடிகர் கிடைப்பார்'

நாடகத்தில் நல்ல பெயர் வந்தது. ஆனால் நாடக மேடை வேறு, திரைப்படம் வேறு. மேடையில் தூரத்தில் இருக்கும் ரசிகருக்குக் கண் தெரியாது. திரைப்படத்தில் கேமரா முகத்துக்கு அருகே வந்து நிற்கும். ஆகவே திரைப்பட வாய்ப்பை எதிர்பார்க்க வேண்டாம் என்று முகவரே எச்சரித்தார்.

ஹாலிவுட்டின் கொலம்பியா நிறுவனத்தில் அவருக்கு ஒரு நடிப்புச் சோதனை நடந்தது. அந்த நிறுவனத்தின் தலைவர் ஹாரி கோன் அவரை வேண்டாம் என்று தள்ளிவிட்டார். அவர் சொன்ன காரணம் ஹாலிவுட் வரலாற்றில் நிலைத்துவிட்டது. அதே பணத்துக்கு இரண்டு கண் உள்ள நடிகர் தமக்குக் கிடைப்பார் என்றார் அவர்.

எவ்வளவு கொடுமையான சொல்! திறமை இல்லை என்று சொல்லியிருந்தால்கூட மனம் ஆறியிருக்கும். பயிற்சி செய்து திறமையை வளர்த்துக்கொள்ளலாம். இல்லாத கண்ணை எங்கே போய் வளர்ப்பது?

ஃபால்க் கோபப்பட்டு வாதாடிக்கொண்டிருக்கவில்லை. கிடைத்த சிறு வேடங்களில் நடித்துக்கொண்டே இருந்தார். 1960இல் வெளிவந்த 'மர்டர், இன்க்.' என்ற படத்தில் இரக்கமற்ற கூலிக் கொலையாளியாக நடித்தார். அந்த வேடத்துக்காகச் சிறந்த துணை நடிகருக்கான ஆஸ்கார் விருதுப் பட்டியலில் அவர் பெயர் இடம்பெற்றது. 1961இல் வெளிவந்த 'பாக்கெட்ஃபுல் ஆஃப் மிரக்கிள்ஸ்' படத்துக்காக மறுபடியும் அதே பட்டியலில் இடம்பெற்றார். தொலைக்காட்சியில் 'தி பிரைஸ் ஆஃப் டொமேட்டோஸ்' என்ற நாடகத்தில் தக்காளி ஏற்றிச் செல்லும் லாரி ஓட்டுநராக நடித்து, 1962இல் எம்மி விருதை வென்றே விட்டார்.

முதல் ஆஸ்கார் விழாவில் ஒரு வேடிக்கையும் நடந்தது. 'பீட்டர்' என்று மேடையில் பெயரை வாசித்ததும் ஃபால்க் எழுந்துவிட்டார். வாசிக்கப்பட்ட பெயரோ பீட்டர் உஸ்டினோவ்! மறுபடி அமர்ந்தவர், பக்கத்திலிருந்த தம் விளம்பர அலுவலரைப் பார்த்து, 'உமக்கு வேலை போயிற்று' என்றாராம். தம் தோல்வியைச் சொல்லியே பிறரைச் சிரிக்க வைக்கும் அந்தக் குணம் கடைசி வரை மாறவில்லை.

கொலம்போ பிறந்த கதை

ரிச்சர்ட் லெவின்சன், வில்லியம் லிங்க் என்ற இரண்டு எழுத்தாளர்கள் கொலம்போ என்ற பாத்திரத்தைப் படைத்தார்கள். ரஷ்ய எழுத்தாளர் தஸ்தயேவ்ஸ்கியின் 'குற்றமும் தண்டனையும்' நாவலில் வரும் விசாரணை அதிகாரிதான் அவர்களுக்கு ஒரு முன்மாதிரி. ஃபால்க்குக்கு முன்பே வேறு நடிகர்கள் இந்த வேடத்தை ஏற்றிருந்தார்கள். 1968இல் தொலைக்காட்சிப் படமாக எடுத்தபோது பாடகர் பிங் கிராஸ்பியைத்தான் கேட்டார்கள். அவர் மறுத்துவிட்டார். வயது குறைவோ என்ற தயக்கத்தோடுதான் ஃபால்க்குக்கு அந்த வேடம் தரப்பட்டது.

1971இல் அது தொடராக வளர்ந்தது. தொடரின் முதல் கதையை இயக்கியவர் 24 வயது இளைஞர் ஒருவர். அவர் பெயர் ஸ்டீவன் ஸ்பீல்பெர்க்!

இந்தத் தொடரின் அமைப்பே புதுமையானது. வழக்கமான துப்பறியும் கதைகளில் கொலையாளி யார் என்பது கடைசியில்தான் தெரியும். கொலம்போ தொடரிலோ கொலை நடப்பதை நாம் முதலிலேயே பார்த்துவிடுகிறோம். செய்தவர் யார் என்பதும் தெரியும். இந்த அழுக்குக் கோட்டுக்காரர் அதை எப்படி நிரூபிக்கப் போகிறார் என்பதுதான் கேள்வி.

கொலையாளிகள் பெரும்பாலும் பெரிய மனிதர்கள். மனநல மருத்துவர், பிரபல எழுத்தாளர், இசைக்குழு நடத்துநர் என்று சமூகத்தின் உச்சியில் இருப்பவர்கள். மாளிகையில் வாழ்பவர்கள். கொலம்போவைப் பார்த்ததும் 'இந்த ஆளா என்னைப் பிடிக்கப் போகிறான்?' என்று அலட்சியமாகச் சிரிப்பார்கள். அந்த அலட்சியம்தான் அவர்களைக் கவிழ்க்கும். துப்பாக்கிச் சண்டையை நம்பாத, பணிவாகப் பேசுகிற, கவனத்தைக் கூர்மையாக வைத்திருக்கிற ஒருவர் முன்னால் அவர்கள் ஒவ்வொருவராக விழுவார்கள்.

அந்த வேடத்தில் ஃபால்க்கின் பங்கு மிகப் பெரியது. உடையும் மழைக்கோட்டும் அவர் சொந்தமாகக் கொண்டு வந்தவை. பழைய பியூஜோ காரைத் தேர்ந்தெடுத்தவரும் அவர்தான். பென்சிலைத் தேடிப் பையைத் துழாவுவது, ஆதாரம் என்று எடுத்தால் மளிகைச் சாமான் பட்டியல் வருவது போன்றவற்றைப் பல நேரம் படப்பிடிப்பில் அவரே திடீரென்று சேர்ப்பார். எதிரே நிற்கும் நடிகர் உண்மையாகவே தடுமாறுவார். காட்சி உயிர் பெற்றுவிடும்.

செயற்கைக் கண்ணால் வந்த அந்த ஓரப் பார்வை, கண்ணைச் சுருக்கும் தோற்றம் எல்லாம் கொலம்போவின் அடையாளமாகவே ஆகிவிட்டன. எந்தக் கண்ணைக் காரணம் காட்டி ஒரு நிறுவனம் கதவை மூடியதோ, அந்த முகத்தைப் பார்க்கவே மக்கள் தொலைக்காட்சி முன்னால் அமர்ந்தார்கள். 1968 முதல் 2003 வரை, இடையில் பத்தாண்டுக்கும் மேலான இடைவெளியோடு, 69 கதைகள் வெளிவந்தன. கொலம்போவுக்காக மட்டும் நான்கு எம்மி விருதுகள். முன்பு வாங்கியதையும் சேர்த்தால் ஐந்து.

புகழும் பணமும் வந்த பிறகு

தொலைக்காட்சியில் சம்பாதித்ததை அவர் எதில் போட்டார் என்பதும் அறிய வேண்டியது. நண்பர் ஜான் கசவெடீஸ் 'எ வுமன் அண்டர் தி இன்ஃப்ளுவன்ஸ்' என்ற படத்தை எடுக்க விரும்பினார். மனம் சிதைந்து வரும் ஒரு குடும்பப் பெண்ணின் கதை. பெரிய நிறுவனங்கள் பணம் போட முன்வரவில்லை. கசவெடீஸ் தம் வீட்டை அடமானம் வைத்தார். ஃபால்க் 5 லட்சம் டாலர் கொடுத்து, அந்தப் பெண்ணின் கணவராக நடித்தும் கொடுத்தார். 1974இல் வெளிவந்த அந்தப் படம் இன்று அமெரிக்கத் திரைப்பட வரலாற்றின் முக்கியமான படைப்புகளில் ஒன்றாக மதிக்கப்படுகிறது.

1987இல் ஜெர்மானிய இயக்குநர் விம் வெண்டர்ஸின் 'விங்ஸ் ஆஃப் டிசையர்' படத்தில் அவர் தாமாகவே தோன்றினார். முன்பு தேவதூதராக இருந்து, மனித வாழ்க்கையை விரும்பி மண்ணுக்கு இறங்கி வந்தவராக அதில் வருகிறார். குளிரில் சூடான காப்பி குடிப்பதும், தாளில் கோடு இழுத்துப் படம் வரைவதும் எவ்வளவு பெரிய இன்பம் என்று சொல்லும் காட்சி அதில் உண்டு. உண்மை வாழ்க்கையிலும் அவர் நல்ல ஓவியர்.

அவர் குறையே இல்லாத மனிதர் அல்லர். ஊதியத்துக்காக நிறுவனத்தோடு மோதி, படப்பிடிப்புக்கு வராமல் இருந்தது உண்டு. திருப்தி வரும் வரை காட்சியைத் திரும்பத் திரும்ப எடுக்கச் சொல்வார். ஆனால் வேலையை அரைகுறையாகச் செய்தார் என்று யாரும் சொன்னதில்லை.

நினைவு போன கடைசி நாள்கள்

அவருடைய முடிவு மனத்தைக் கனக்கச் செய்வது. முதுமையில் மறதி நோய் அவரைப் பற்றிக்கொண்டது. 2009இல், அவரைப் பராமரிக்கும் பொறுப்பு யாருக்கு என்று குடும்பத்துக்குள் எழுந்த வழக்கு நீதிமன்றம் வரை போனது. பொறுப்பு மனைவியிடம் ஒப்படைக்கப்பட்டது. தாம் கொலம்போவாக நடித்ததே அவருக்கு நினைவில்லை என்று அந்த வழக்கில் ஒரு மருத்துவர் சாட்சியம் சொன்னார். உலகம் முழுவதும் நினைவில் வைத்திருந்த ஒருவரை, அவரே மறந்துவிட்டார். 2011 ஜூன் 23ஆம் நாள், 83ஆம் வயதில் அவர் காலமானார்.

பின்னர் அவருடைய மகள் எடுத்த முயற்சியால், நோயுற்ற பெற்றோரைப் பிள்ளைகள் சந்திக்கவும், அவர்கள் நிலையை அறிந்துகொள்ளவும் உரிமை தரும் சட்டங்கள் அமெரிக்காவின் பல மாநிலங்களில் இயற்றப்பட்டன. அவை 'பீட்டர் ஃபால்க் சட்டம்' என்றே அழைக்கப்படுகின்றன. 2014இல் ஹங்கேரியின் புடாபெஸ்ட் நகரில் கொலம்போவுக்கு வெண்கலச் சிலை வைத்தார்கள். மழைக்கோட்டோடு தலையைச் சொறிந்தபடி நிற்கிறார். எதிரே அவருடைய நாய்.

நேயர்களே, ஹாரி கோன் பெரிய வியாபாரி. படத்தொழிலைக் கரைத்துக் குடித்தவர். இருந்தும் ஒரு குறையைப் பார்த்த வேகத்தில், எதிரே நின்ற நிறைவைப் பார்க்கத் தவறிவிட்டார். கொலம்போ கதைகளில் வரும் கொலையாளிகள் செய்த தவறும் இதுவேதான். ஈவா அம்மையாரோ சில நிமிடங்கள் கூர்ந்து பார்த்தார். ஒரு கலைஞனை உலகத்துக்குக் கொடுத்தார்.

நம் வீட்டிலும் வகுப்பறையிலும் வேலையிடத்திலும் ஏதோ ஒரு குறையோடு ஒருவர் நம் முன்னால் வந்து நிற்கலாம். 'முடியாது' என்று சொல்வதற்கு முன், வாசல் வரை போனாலும் திரும்பி வந்து, அவரிடம் இன்னும் ஒரே ஒரு கேள்வி கேட்டுப் பார்ப்போம்: 'உனக்கு என்ன நன்றாகச் செய்ய வரும்?'