எலும்பில் பதிந்த பாட்டு



கம்பம் பள்ளத்தாக்கில் பிறந்தவர்களுக்கு மலை என்பது எல்லையன்று. பிழைப்புக்காக ஏறும் படி. என் தாயாரும் அவ்வாறு ஏறியவர்தாம். போடிமெட்டு வழியாக மூணாற்றுத் தேயிலைத் தோட்டத்திற்குக் கொழுந்து கிள்ளச் சென்றார். 1958ஆம் ஆண்டில் அங்கே தேவிகுளம் தொகுதியில் இடைத்தேர்தல் நடந்தது. முந்திய ஆண்டில் வென்ற கம்யூனிஸ்டு வேட்பாளர் ரோசம்மா புன்னூஸ் அவர்களின் தேர்தல் செல்லாது என்று தீர்ப்பாகவே, மீண்டும் வாக்குக் கேட்க நேர்ந்தது. தோட்டத் தொழிலாளரிற் பெரும்பாலோர் தமிழர். அவர்களிடம் பேச, பண்ணைப்புரத்துப் பாவலர் வரதராசன் ஆர்மோனியத்துடன் மலையேறினார். பதினான்கு வயதில் அவருடைய குழுவில் சேர்ந்த தம்பி ராசையாவே பின்னாளில் இளையராஜா என்று பெயர் பெற்றவர்.

பாவலரின் முறை எளியது. மக்கள் நன்கறிந்த ஒரு மெட்டை எடுத்துக்கொள்வார். கூலியையும் பசியையும் அதில் வைத்துப் பாடுவார். மெட்டு முன்பே பழகியதாதலால், மறுநாளே பாட்டு வாய்க்கு வாய் பரவிவிடும். ரோசம்மா மீண்டும் வென்றார். தேர்தல் முடிந்தது; பாட்டு முடியவில்லை. அவற்றுள் ஒன்றை என் தாயார் ஆயுள் முழுதும் முணுமுணுத்து வந்தார்.

அதே 1958ஆம் ஆண்டில், நெடுந்தொலைவிலுள்ள சோவியத் நாட்டில், மக்கள் தாமே இசைத்தட்டுச் செய்வதைத் தடுத்து ஒரு சட்டம் பிறந்தது. அதன் வரலாறு வியப்பானது. இரண்டாம் உலகப் போருக்குப் பின் லெனின்கிராடில் சில இளைஞர்கள், மருத்துவமனைகள் கழித்துப் போட்ட எக்ஸ்ரே படங்களை வாங்கினர். அவற்றை வட்டமாக வெட்டி, நடுவில் சிகரெட்டு நெருப்பால் துளையிட்டு, அரசு விரும்பாத ஜாஸ் இசையையும், நாட்டைவிட்டுச் சென்ற பாடகர்களின் பாட்டுகளையும் பதித்து விற்றனர். வெளிச்சத்தில் பிடித்தால் விலாவெலும்பு தெரியும். ஊசியை வைத்தால் பாட்டுக் கேட்கும். சிலமுறை ஓடினால் தேய்ந்துபோகும். இத்தொழிலுக்காக ருஸ்லான் பொகஸ்லோவ்ஸ்கி என்பவர் சிறை சென்றார், மீண்டு வந்தார், மறுபடியும் அதனையே செய்தார்.

அடுத்த தலைமுறைக்கு ஒலிநாடா கிடைத்தது. 1981இல் லெனின்கிராடில் ராக் இசைக்கென ஒரு மன்றம் திறக்கப்பட்டது. ஆயினும் அரசின் கண் அதன்மேல் இருந்தது. மேடையேறுமுன் பாட்டின் சொற்களுக்கு ஒப்புதல் பெற வேண்டும். இசைத்தட்டு வெளியிடும் உரிமையோ மெலோடியா என்னும் அரசு நிறுவனத்தின் கையில். ஆகவே அக்வாரியம், கினோ முதலிய குழுவினரின் பாட்டுகள் நாடாவில் பதிந்து, நண்பர் கையிலிருந்து நண்பர் கைக்குச் சென்றன. மேல்நாட்டார் ‘புது அலை’ என்று வழங்கிய இசையைத் தம் ருஷ்ய மொழியில் பாடிய கினோவின் விக்டர் சோய், வயிற்றுப்பாட்டுக்குக் கொதிகலன் அறையொன்றில் நிலக்கரி அள்ளிப் போட்டார். 1990இல் கார் விபத்தில் அவர் இறந்தபோது வயது 28. அவர் குரல் இன்றும் கேட்கிறது.

இங்கே பாட்டுக்கு மேடை அமைத்த செங்கொடியே அங்கே பாட்டுக்குக் காவல் போட்டது. இதனை எண்ணிப் பார்ப்பது நன்று. ஆனால் என்னை உறுத்துவது வேறொன்று.

என் வீட்டில் டேப் ரிக்கார்டர் இருந்தது. அதில் இளையராஜாவின் பாட்டுகளை நூறு முறை கேட்டிருப்பேன். தாயாரின் முதுமையில் ஒருநாள், “அம்மா, அந்தத் தேர்தல் பாட்டைப் பாடுங்களேன்” என்றேன். முதற்பகுதியைப் பாடினார். அடுத்த பகுதியில் நின்றுவிட்டார். “மெட்டு நிக்குதுப்பா, சொல்லு எறங்கிப் போச்சு” என்று சிரித்தார். அன்றாவது நாடாவைச் சுழலவிட்டிருக்கலாம்; நாளைக்கு ஆகட்டும் என்று இருந்துவிட்டேன். அந்த நாளை வரவில்லை. தம்பியின் இசையை ஓயாது கேட்ட நான், அண்ணனின் பாட்டைக் காத்து வைத்திருந்த குரலை ஒருமுறையும் பதியவில்லை.

சிறைக்கு அஞ்சாதவர்கள் எலும்புப் படத்திலும் பாட்டைக் காத்தார்கள். நமக்கோ தடையில்லை, ஒலிப்பதியும் கருவி ஒவ்வொருவர் சட்டைப்பையிலும் கைபேசியாக இருக்கிறது. உங்கள் வீட்டுத் திண்ணையில் ஒரு முதியவர் ஏதேனும் மெட்டை முணுமுணுப்பாராயின், இந்தப் பேச்சை இத்துடன் நிறுத்திவிட்டு அவரிடம் செல்லுங்கள். நான் மனம் வருந்தமாட்டேன்.