துப்பாக்கி லைசென்ஸும் வேட்டை அனுமதியும்

(கிராமக் கூட்டுறவுச் சங்க அங்கத்தினர்களுக்குச் செய்த பிரசங்கம்)

 

அமெரிக்கா தேசத்துக் காடுகளில் வான்கோழி இயற்கையாகவே வாழ்கின்றது. அதனைச் சுட விரும்பும் ஒருவர் தம் ராஜ்யத்தில் வேட்டை லைசென்ஸ் வாங்க வேண்டும். பல இடங்களில் வான்கோழிக்கென்று தனியாக ஒரு பர்மிட்டும் வேண்டும். குறித்த பருவத்திலன்றிச் சுடலாகாது. குறித்த எண்ணிக்கைக்கு மேலும் சுடலாகாது. 1937-ஆம் வருஷத்துச் சட்டமொன்றின் பிரகாரம், அங்கே துப்பாக்கியின்மீதும் தோட்டாவின்மீதும் வசூலாகும் வரி காட்டுயிர்களைப் பேணுவதற்கென்றே ஒதுக்கப்படுகின்றது. வெகுவாய் அருகிப்போயிருந்த அப்பறவை பிற்பாடு மீண்டும் பெருகியது.

இதனைக் கேட்கும் சாத்தூர்க் கரிசற்காட்டுக் குடியானவர் ஒருவர், "அங்கே பணங்கட்டினால் பறவையைச் சுட அனுமதி கிடைக்கின்றதே, இங்கே விதைத்த உளுந்தைக் கிளறித் தின்னும் மயிலைச் சுட யாரிடம் பணங்கட்டுவது?" என்று வினவுவது இயல்பேயாகும். யாரிடமும் கட்ட இயலாது என்பதே அதற்கு விடை. வீட்டில் வளர்க்கும் வான்கோழியை அறுப்பதற்கு வேட்டை அனுமதி வேண்டுவதில்லை. மயில், காட்டுப்பன்றி, முயல், கௌதாரி ஆகியவற்றின் சங்கதி வேறு. இதனைத் தெளிவாய் அறியாமையால் ஜெயிலுக்கும் கோர்ட்டுக்கும் அலைய நேரிடுகின்றது. கைவிரல்களை இழக்கவும் நேரிடுகின்றது.

முற்காலத்தில் நிலைமை இவ்வாறு இருக்கவில்லை. 1912-ஆம் வருஷத்துக் காட்டுப் பறவைகள், மிருகங்கள் பாதுகாப்புச் சட்டம், மயில், கௌதாரி, காடை, முயல் முதலியவற்றுக்கு வேட்டையாடலாகாத பருவங்களை ஏற்படுத்த மாகாண சர்க்காருக்கு அதிகாரம் அளித்தது. எனினும், தன் உடைமையை உண்மையாகவே காக்கும்பொருட்டு ஒருவன் மிருகத்தையோ பறவையையோ கொன்றால் அச்சட்டம் அவனைத் தொடாது. பயிரும் உடைமையே ஆதலால் குடியானவருக்கு அது பெரிய புகலிடமாக இருந்தது. பிறகு 1972-ஆம் வருஷத்து வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் வந்தது. அச்சட்டமும் முதலில் லைசென்ஸ் முறையை அடியோடு ஒழிக்கவில்லை. பெருவேட்டை, சிறுவேட்டை, வலைவைத்துப் பிடித்தல் என்று வகைவகையாக லைசென்ஸ் கொடுக்க இடம் வைத்திருந்தது. 1991-இல் செய்த திருத்தத்தினால் அந்த லைசென்ஸ்கள் யாவும் எடுபட்டன. ஆகவே, பொழுதுபோக்கு வேட்டைக்கு லைசென்ஸ் என்பதொன்று இப்பொழுது இந்நாட்டில் இல்லை. "ஆபீஸில் ஆளைப் பிடித்து வேட்டை லைசென்ஸ் வாங்கித் தருகிறேன்" என்று எவரேனும் கிராமத்திற்கு வந்து முன்பணம் கேட்பாராயின், இல்லாத சரக்கை விற்கிறார் என்றே கொள்ள வேண்டும்.

இனி, வத்திராயிருப்புப் பக்கம் மலையடிவாரத்தில் மூன்று ஏக்கரில் மக்காச்சோளம் பயிரிட்டிருக்கும் ஒரு குடியானவரை எண்ணிப் பார்க்க. சங்கத்தில் பயிர்க்கடன் வாங்கியிருக்கிறார். கதிர் பால் பிடிக்கும் தருணத்தில் ஓரிரவு பன்றிக் கூட்டம் இறங்குகின்றது. பன்றி தின்பது கொஞ்சம்; மிதித்துச் சாய்ப்பதும் முட்டிப் பெயர்ப்பதுமே அதிகம். விடியற்காலையில் வரப்பில் நின்று பார்க்கும் அவருக்கு மூன்று யோசனைகள் சொல்லப்படுகின்றன. தாத்தாவின் துப்பாக்கி பரணில் இருக்கின்றதே, அதை எடுத்துத் துடை என்கிறார் ஒருவர். கம்பத்திலிருந்து கம்பி இழுத்து வேலியில் மின்சாரம் விடு என்கிறார் மற்றொருவர். மூன்றாமவர் குரலைத் தாழ்த்திக்கொண்டு, சிவகாசிப் பக்கம் தெரிந்தவர் இருக்கிறார், அவுட்டுக்காய்க்கு ஏற்பாடு செய்யலாம் என்கிறார்.

துப்பாக்கியை முதலிற் பார்ப்போருக்கு ஒரு சங்கதி மனத்திற் பதிய வேண்டும். துப்பாக்கி லைசென்ஸ் என்பது துப்பாக்கியை வைத்துக்கொள்வதற்கான அனுமதியே. அது எந்த மிருகத்தையும் சுடுவதற்கான அனுமதி ஆகாது. முன்னது 1959-ஆம் வருஷத்து ஆயுதச் சட்டத்தின்கீழ் ஜில்லா கலெக்டரிடம் பெறுவது. பின்னது வனவிலங்குச் சட்டத்தின்கீழ் வன இலாகா மூலமாகப் பெறுவது. ஒன்று கையிலிருப்பதால் மற்றொன்றும் இருப்பதாகாது.

ஆயுதச் சட்டத்தின் 13-ஆவது பிரிவு குடியானவருக்கு அனுகூலமான ஒரு வாசகத்தை உடையது. உண்மையாகவே பயிர்ப் பாதுகாப்பின்பொருட்டு, குழாயின் வாய்வழியாக மருந்து கெட்டிக்கும் நாட்டுத் துப்பாக்கி வேண்டுமென்று இந்தியப் பிரஜை ஒருவர் கேட்டால், தடுக்கத்தக்க காரணம் இல்லாதவிடத்து அதிகாரி லைசென்ஸ் கொடுக்க வேண்டும் என்று அது கூறுகின்றது. அத்துப்பாக்கி போதாதென்று அதிகாரிக்குத் திருப்தி ஏற்பட்டால் வேறு மழமழப்புக் குழாய்த் துப்பாக்கிக்கும் கொடுக்கலாம். மனுதாரர் 21 வயது நிரம்பியவராக இருத்தல் வேண்டும். மனு வந்ததும் அருகிலுள்ள போலீஸ் ஸ்டேஷனிலிருந்து அறிக்கை கேட்பார்கள். ஆகவே ஸ்டேஷனில் வழக்கு நிலுவையில் இருப்பவர் அதனை மறைப்பதில் யாதொரு பயனும் இல்லை. சிட்டா, அடங்கல் நகல்களுடன், எந்தப் பயிரை எந்தப் பிராணியிடமிருந்து காக்கவேண்டியிருக்கின்றது என்பதையும் மனுவில் விவரமாக எழுதுதல் நலம். மனுவைத் தள்ளினால் காரணத்தை எழுத்தில் பதிவு செய்ய வேண்டுமென்று 14-ஆவது பிரிவு விதிக்கின்றது. அதன்மேல் அப்பீல் செய்ய 18-ஆவது பிரிவு இடந்தருகின்றது. 2019-ஆம் வருஷத்துத் திருத்தத்திற்குப் பிறகு லைசென்ஸின் ஆயுள் மூன்று வருஷத்திலிருந்து ஐந்து வருஷமாக நீடிக்கப்பட்டிருக்கின்றது. தேர்தல் காலங்களில் துப்பாக்கியை ஸ்டேஷனில் ஒப்புவிக்கும்படி உத்தரவு வருவதுண்டு. பன்றி தேர்தல் தேதியைக் கவனிப்பதில்லை என்று ஒரு குடியானவர் குறைப்பட்டுக்கொண்டால் அதிற் தவறு காண முடியாது.

மலையடிவாரத்தாருக்கு இதற்கு மேலும் ஒரு தடை உண்டு. அதனைப் பலர் அறிவதில்லை. ஸ்ரீவில்லிபுத்தூர் நரை அணில் சரணாலயம் 1988-இல் ஏற்பட்டது; 2021-இல் அது மேகமலையோடு சேர்ந்து புலிகள் காப்பகமாயிற்று. சரணாலயத்தைச் சுற்றிப் பத்து கிலோமீட்டர் சுற்றளவுக்குள் புதிதாகத் துப்பாக்கி லைசென்ஸ் கொடுப்பதாயின், தலைமை வன உயிரினக் காப்பாளரின் முன்சம்மதம் பெறவேண்டுமென்று வனவிலங்குச் சட்டத்தின் 34-ஆவது பிரிவு கூறுகின்றது. வத்திராயிருப்பு, ஸ்ரீவில்லிபுத்தூர், இராஜபாளையம் பக்கங்களில் அநேக கிராமங்கள் இந்தத் தூரத்திற்குள் அடங்கியவை. கலெக்டர் ஆபீஸில் மனு ஏன் இத்தனை நாள் நகரவில்லை என்று கேட்டுக் குமாஸ்தாவின்மீது சினங்கொள்வதற்குமுன், மனுதாரர் தம் கிராமம் அந்தச் சுற்றளவுக்குள் இருக்கின்றதா என்று விசாரித்துக்கொள்வது நேரத்தை மிச்சப்படுத்தும்.

தாத்தாவின் துப்பாக்கி விஷயம் இன்னும் அபாயமானது. லைசென்ஸ்தாரர் இறந்த மாத்திரத்தில் அத்துப்பாக்கி வீட்டில் இருப்பதற்கு உரிமை போய்விடுகின்றது. வாரிசுகள் தாமதமின்றி அதனைப் போலீஸ் ஸ்டேஷனிலோ லைசென்ஸ் பெற்ற ஆயுத வியாபாரியிடமோ ஒப்புவித்து ரசீது வாங்கிக்கொண்டு, பிறகே தம் பெயருக்கு லைசென்ஸ் கோரி மனுச் செய்ய வேண்டும். ஞாபகார்த்தமாக வைத்திருந்தோம் என்னும் சமாதானம் கோர்ட்டில் செல்லாது.

துப்பாக்கி முறைப்படி கிடைத்துவிட்டதென்றே கொள்க. அப்பொழுதும் பன்றியைச் சுடலாமோ என்றால், கூடாது. 2022-இல் நிறைவேறி 2023 ஏப்ரல் முதல் அமலுக்கு வந்த திருத்தத்தின்படி காட்டுப்பன்றி இரண்டாம் அட்டவணையில் உள்ளது. அவ்வட்டவணைப் பிராணி மனித உயிருக்கோ, நின்ற பயிர் உள்ளிட்ட சொத்துக்கோ அபாயமாகிவிட்டதென்று தலைமை வன உயிரினக் காப்பாளருக்கோ அவரால் அதிகாரம் பெற்ற அதிகாரிக்கோ திருப்தி ஏற்பட்டால், காரணத்தை எழுதி, குறித்த இடத்தில் அதனை வேட்டையாட எழுத்து மூலம் உத்தரவிடலாம். 11-ஆவது பிரிவு கூறும் இவ்வழி ஒன்றே பயிருக்காக ஏற்பட்ட வழி. மயிலோ 1963-இல் தேசியப் பறவையாக்கப்பட்டது. முதல் அட்டவணையைச் சேர்ந்தது. முதல் அட்டவணைப் பிராணிகளுக்கு அதே பிரிவு மனித உயிருக்கு அபாயம், தீரா நோய், ஊனம் ஆகியவற்றை மட்டுமே காரணங்களாக ஏற்கின்றது. பயிர் என்ற சொல் அங்கே இல்லை. ஆகவேதான் மயிலுக்கு எவரிடமும் அனுமதி கேட்டுப் பயனில்லை. முட்டைகளை உடைப்பதும் கூட்டைக் கலைப்பதும், நஞ்சு வைப்பதும், கண்ணி வைப்பதும் "வேட்டை" என்ற சொல்லிலேயே அடங்கும். முதல் அட்டவணைப் பிராணியை வேட்டையாடியவருக்கு மூன்று வருஷத்திற்குக் குறையாமல் ஏழு வருஷம் வரை சிறையும், இருபத்தையாயிரம் ரூபாய்க்குக் குறையாத அபராதமும் உண்டு. ஒரு பிடி உளுந்தை மயிலிடமிருந்து காக்கச் சென்று மூன்று வருஷத்து வெள்ளாண்மையை இழப்பது கணக்குக்கு ஒவ்வாது.

பன்றி விஷயத்தில் தமிழ்நாட்டு சர்க்கார் 2025 ஜனவரியில் ஒரு முறையை வெளியிட்டனர். காப்புக்காட்டு எல்லையிலிருந்து ஒரு கிலோமீட்டர் வரை சுடுதல் இல்லை. ஒன்றிலிருந்து மூன்று கிலோமீட்டர் வரையில் பிடித்துக் காட்டில் விடுதல். மூன்று கிலோமீட்டருக்கு அப்பால், அவசியப்பட்டால், வன இலாகாவின் பயிற்சி பெற்ற சிப்பந்திகள் சுடுதல். சுடுகிறவர் குடியானவர் அல்லர் என்பதைக் கவனிக்க வேண்டும். சீமைக்கருவேலம் புதர்களில் பன்றிகள் தங்கிவிட்ட கரிசற்காட்டுக் கிராமங்களுக்கு இந்த மூன்றாவது வகை பெரிதும் பயன்படத்தக்கது. அங்கே காப்புக்காடு வெகு தூரம். அடிவாரத்தாருக்கோ, எங்கே சேதம் அதிகமோ அங்கே உதவி குறைவு. மலைக்கு அப்பால் கேரளத்தில் 2022-இல் வேறு வழி வகுத்தனர். உள்ளூர் ஸ்தாபனத் தலைவர்களுக்கே உத்தரவிடும் அதிகாரத்தை அளித்து, லைசென்ஸ் துப்பாக்கி உடையவர்களைக் கொண்டு பன்றிகளைச் சுடச் செய்தனர். அடிவாரத்துக் குடியானவர்கள் அதனைச் சுட்டிக்காட்டித் தமக்கும் கேட்பதில் நியாயம் இல்லை என்று சொல்ல முடியாது. எனினும் கேட்பது வேறு, உத்தரவு வருமுன் செய்வது வேறு.

மின்சார வேலி பற்றி நீண்டு பேச வேண்டுவதில்லை. கம்பத்திலிருந்து நேரே கம்பியில் மின்சாரம் விட்டவர்களின் வயலில் பன்றி மட்டும் சாவதில்லை. விடியற்காலையில் தண்ணீர் பாய்ச்சப் போன பக்கத்து வயற்காரரும் சாகிறார். சூரிய சக்தியால் விட்டுவிட்டு அதிர்ச்சி தரும் வேலிக்கும் 2023-ஆம் வருஷத்து விதிகளின்படி பதிவும் அனுமதியும் தேவைப்படும் இடங்கள் உண்டு. போடுமுன் ரேஞ்ச் ஆபீஸில் விசாரிக்க வேண்டும்.

அவுட்டுக்காயைப் பற்றியே இந்த ஜில்லாவில் அதிகம் சொல்ல வேண்டியிருக்கின்றது. மருந்து என்றால் சிவகாசியில் வைத்தியர் கொடுப்பது மட்டும் அன்று. 1923-இல் தீப்பெட்டித் தொழில் தொடங்கியது முதல் தலைமுறை தலைமுறையாக மருந்தோடு பழகிய கைகள் இங்கே உண்டு. பழகிய கைக்கு அச்சம் குறைவு. வேலை முடிந்து வருகையில் ஒரு கைப்பிடி மருந்தைக் கொணர்ந்து, கூழாங்கல்லோடு சேர்த்துச் சுருட்டி, இரைக்குள் வைத்துக் காட்டோரம் போடுவது சிலருக்குச் சிறு காரியமாகத் தோன்றுகின்றது. பன்றி கடித்தவுடன் சாவதில்லை. தாடை சிதைந்து, தின்ன முடியாமல் நாட்கணக்கில் அலைந்து சாகின்றது. 2020-இல் பாலக்காட்டுப் பக்கம் கருவுற்ற யானை ஒன்று வெடிமருந்தைக் கடித்து வாய் சிதைந்து, ஆற்றில் நின்றபடியே இறந்ததைத் தேசம் முழுவதும் அறியும். கிராமத்தில் இதனைக் கடிப்பது பெரும்பாலும் பசுமாடும் நாயும். சங்கக் கடனில் வாங்கிய கறவை மாடு வாய் கிழிந்து நின்றால், கடன் மட்டும் கிழியாமல் நிற்கின்றது. புல் அறுக்கச் சென்ற பெண்ணோ, உருண்டையைப் பழமென்று எண்ணிய குழந்தையோ கையில் எடுத்தால் என்ன ஆகும் என்பதைச் சிவகாசிப் பக்கத்தாருக்கு விவரித்துச் சொல்ல வேண்டுவதில்லை.

சட்டம் இதனை வேட்டைக் குற்றமாக மட்டும் பார்ப்பதில்லை. 1908-ஆம் வருஷத்து வெடிபொருள் சட்டத்தின்கீழ், சட்டத்திற்குப் புறம்பான நோக்கத்திற்கென்று சந்தேகிக்கத்தக்க நிலையில் வெடிபொருள் செய்வதற்கும் வைத்திருப்பதற்கும் பத்து வருஷம் வரை சிறை உண்டு. பட்டாசுத் தொழிற்சாலைக்கு லைசென்ஸ் இருப்பது அத்தொழிற்சாலையின் சுவருக்குள் நடக்கும் வேலைக்கே. வெளியே வந்த மருந்துக்கு அந்த லைசென்ஸ் துணை வராது. மருந்தைக் கொணர்ந்த தொழிலாளியோடு, கணக்கில் குறைவைக் கவனியாத முதலாளியும் பதில் சொல்ல நேரிடலாம்.

ஆனால், அந்த வத்திராயிருப்புக் குடியானவர் செய்யத்தக்கது யாது? சேதத்தைக் கண்ட அன்றே, சாய்ந்த பயிரையும் பன்றியின் குளம்படியையும் படம் பிடித்து வைத்துக்கொள்ள வேண்டும். நஷ்டஈட்டுக்கு வன ரேஞ்சருக்கு மனு எழுதி, கிராம நிர்வாக அதிகாரியின் அத்தாட்சியோடு கொடுத்து, ஏற்றுக்கொண்டதற்கு ருஜு வாங்க வேண்டும். நஷ்டஈடு சேதம் முழுவதையும் ஈடுசெய்வதில்லை, தாமதமும் உண்டு. ஆயினும் எழுத்தில் இல்லாத சேதம் சர்க்கார் கணக்கில் சேதமே அன்று. பன்றிகளை அப்புறப்படுத்தக் கோரும் மனுவை ஒருவர் தனித்துக் கொடுப்பதைவிட, சங்க அங்கத்தினர் பலர் தத்தம் சர்வே நம்பர், சேதமான தேதி, காப்புக்காட்டிலிருந்து உள்ள தூரம் ஆகியவற்றோடு ஒரே மனுவாகக் கொடுத்தால், அதிகாரி 11-ஆவது பிரிவின்கீழ் எழுத வேண்டிய காரணங்கள் அவருக்கு மனுவிலேயே கிடைக்கும். அம்மனுவை எழுதும் வேலையைச் சங்கக் காரியதரிசி ஏற்றுக்கொள்ளலாம்.

கடைசியாக இன்ஷ்யூரன்ஸ். மிருகங்களால் ஏற்படும் பயிர்ச்சேதத்தையும் பிரதம மந்திரி பயிர் இன்ஷ்யூரன்ஸ் திட்டத்தில் 2026 காரிப் பருவம் முதல் சேர்ப்பதாக மத்திய சர்க்கார் 2025 நவம்பரில் அறிவித்தனர். எந்த மிருகம், எந்த ஜில்லா என்பதை மாநில சர்க்கார் குறிப்பிட வேண்டும். சேதத்தை 72 மணி நேரத்திற்குள், இடங்காட்டும் படத்துடன் தெரிவிக்க வேண்டும். விதைப்பு முடிவதற்குள், தம் பிர்க்காவும் தம் பயிரும் அறிவிப்பில் உள்ளனவா என்று ஒவ்வோர் அங்கத்தினரும் சங்க ஆபீஸில் கேட்டுப் பெயரைப் பதிந்துகொள்வாராக.