பழி யாருக்கு?
(அந்தமான் தமிழர் கூட்டமொன்றில் ஆற்றிய உரை)



1986-ம் ஆண்டு சென்னையில் மருத்துவர் சுனிதி சாலமனும் அவருடைய மாணவி நிர்மலாவும் இந்தியாவில் முதன்முதலாக எச்.ஐ.வி. கிருமியைக் கண்டறிந்தார்கள். சோதித்த இரத்தம் பாலியல் தொழிலில் தள்ளப்பட்ட பெண்களுடையது. ‘கெட்ட பெண்களின் நோய்’ என்று ஊர் தீர்ப்பு எழுதிவிட்டது! அவர்களிடம் சென்ற ஆண்கள் யார் என்ற கேள்வி பின்னுக்குப் போயிற்று.

நாமக்கல் கௌசல்யாவுக்கோ கணவர் வழியாகவே கிருமி வந்தது. தாலி அவரைக் காக்கவில்லை. அவரைப் போன்ற பெண்கள் சேர்ந்து 1998-ல் தங்களுக்கென ஓர் அமைப்பைக் கண்டார்கள். இன்று உலகில் இக்கிருமியோடு வாழ்வோரில் பாதிக்கு மேற்பட்டோர் பெண்களே.

ஆணுறை அணியுங்கள் என்று கணவனிடம் சொல்லும் உரிமை எத்தனை மனைவியருக்கு உண்டு? கர்ப்பகாலப் பரிசோதனையில் அவள் நோய்தான் முதலில் தெரிகிறது. உடனே, “இவள்தான் கொண்டுவந்தாள்” என்ற பழி!

இந்தத் தீவில் புகுந்த வீடு துரத்தினால், பலருக்குத் தாய்வீடு கடலுக்கு அப்பால். ஆனால் 2017-ம் ஆண்டுச் சட்டம் இங்கும் செல்லும். அவளை வீட்டைவிட்டு விரட்டக் கூடாது. அவள் சம்மதமின்றி ஊரறியச் சொல்லவும் கூடாது. மருந்து அரசு மருத்துவமனையில் இலவசம். தவறாமல் உட்கொண்டால் நெடுநாள் வாழலாம், குழந்தையையும் காக்கலாம்.

ஆண் தோழர்களே! மனைவி சோதனைக்குப் போகும் நாளில் நீங்களும் உடன் சென்று கையை நீட்டுங்கள். பழியைப் பங்கிட வேண்டாம், பொறுப்பைப் பங்கிடுவோம்.