துறையை விட்டு நகராத கப்பல்: ஈஸ்ட்லாண்ட், 1915

(ஒலிப்பதிவின் சுருக்கித் தொகுக்கப்பட்ட எழுத்து வடிவம்)

இன்னைக்கு நாம பேசப்போறது ஒரு கப்பல் விபத்தைப் பற்றி. கப்பல் விபத்துன்னு சொன்னதும் நடுக்கடல், புயல், பனிப்பாறை இதெல்லாம்தான் மனசுல வரும். இந்தக் கதையில் அது எதுவுமே கிடையாது. கப்பல் நின்றது ஓர் ஆற்றில், அதுவும் ஊருக்கு நட்டநடுவில். துறையில் கட்டியிருந்த கயிறுகளைக்கூட முழுசாக அவிழ்க்கவில்லை. தண்ணீரின் ஆழம் சுமார் 6 மீட்டர். கரை கைக்கெட்டும் தூரம். அங்கே 844 பேர் இறந்துபோனார்கள்.

இடம் அமெரிக்காவின் சிகாகோ. நாள் 1915 ஜூலை 24, சனிக்கிழமை. கப்பலின் பெயர் ஈஸ்ட்லாண்ட்.

அன்னைக்கு வெஸ்டர்ன் எலெக்ட்ரிக் கம்பெனி ஊழியர்களின் வருடாந்திர பிக்னிக். டெலிபோன் கருவிகள் செய்த கம்பெனி அது. அவர்களுடைய பெரிய தொழிற்சாலைக்கு ஹாத்தார்ன் என்று பெயர். மேலாண்மை படித்தவர்கள் 'ஹாத்தார்ன் ஆய்வுகள்' என்று கேள்விப்பட்டிருப்பீர்கள். அந்த ஆய்வுகள் பிற்காலத்தில் நடந்தது அதே தொழிற்சாலையில்தான். வேலை செய்தவர்களில் நிறைய பேர் செக், போலந்து வம்சாவளிக் குடும்பங்கள். வாரத்துக்கு ஆறு நாள் வேலை. வருஷத்தில் ஒரு நாள் மிச்சிகன் ஏரியைத் தாண்டி மிச்சிகன் சிட்டிக்குப் போய், சாப்பிட்டு, ஆடிப் பாடிவிட்டு வருவது பெரிய விஷயம். சுமார் 7,000 டிக்கெட் விற்றிருந்தது. ஐந்து கப்பல்களை வாடகைக்கு எடுத்திருந்தார்கள். முதலில் கிளம்ப வேண்டியது ஈஸ்ட்லாண்ட்.

அந்த நாற்பத்தைந்து நிமிஷம்

காலை 6:30-க்கு ஆட்கள் ஏற ஆரம்பித்தார்கள். நிமிஷத்துக்கு ஐம்பது பேர் என்ற கணக்கில் ஏறினார்கள் என்று சொல்வார்கள். பத்து நிமிஷத்துக்குள் கப்பல் துறைப் பக்கம் சாய்ந்தது. கீழே இருந்த என்ஜினியர் எதிர்ப்பக்கத் தொட்டியில் தண்ணீர் ஏற்றி நிமிர்த்தினார். கொஞ்ச நேரத்தில் ஆற்றுப் பக்கம் சாய்ந்தது. திரும்பவும் நிமிர்த்தினார். 7:10 வாக்கில் அனுமதிக்கப்பட்ட 2,500 பேரும் ஏறிவிட்டார்கள். தூறல் போட்டதால் பெண்களும் குழந்தைகளும் நிறைய பேர் கீழ்த்தளங்களுக்குப் போய்விட்டார்கள். மேலே வாத்தியக் குழு வாசித்துக்கொண்டிருந்தது.

கப்பல் மறுபடியும் ஆற்றுப் பக்கம் சாய்ந்தது. இந்தத் தடவை நிமிரவில்லை. பக்கவாட்டுத் திறப்புகள் வழியாகத் தண்ணீர் உள்ளே வந்தது. பியானோ உருண்டது, குளிர்பெட்டி சரிந்து விழுந்தது. 7:28-க்கு, யாரோ படுக்க வைத்த மாதிரி, கப்பல் ஒருக்களித்து ஆற்றில் விழுந்தது. 11 மீட்டருக்கு மேல் அகலம் உள்ள கப்பல், 6 மீட்டர் ஆழத் தண்ணீர். அதனால் பாதிக் கப்பல் வெளியேதான் தெரிந்தது. கரைப் பக்கம் நின்றவர்களில் சிலர் கைப்பிடிக் கம்பியைத் தாண்டி, கப்பலின் பக்கவாட்டில் ஏறி, கால் நனையாமல் தப்பித்தார்கள். கீழ்த்தளத்தில் இருந்தவர்களுக்கு அந்த வாய்ப்பு இல்லை.

பக்கத்தில் இருந்த சந்தை வியாபாரிகள் பலகை, பெட்டி என்று மிதக்கக்கூடிய எதையும் ஆற்றில் வீசினார்கள். கெனோஷா என்ற இழுவைப் படகு கரைக்கும் கவிழ்ந்த கப்பலுக்கும் இடையில் பாலம் மாதிரி நின்றது. உள்ளே தட்டுகிற சத்தம் கேட்கிறது என்று வெல்டர்கள் இரும்பை வெட்ட வந்தபோது, கப்பலை வெட்டாதே என்று கேப்டன் தடுக்கப் பார்த்தாராம். கூட்டம் அவரை அடிக்கப் பாய்ந்தது.

ஹெலன் ரெபா என்று கம்பெனியின் நர்ஸ் ஒருவர். பெரிய கடை ஒன்றுக்குப் போன் போட்டு 500 போர்வை வரவழைத்தார். உணவகங்களில் சொல்லி சூடாக சூப்பும் காபியும் வாங்கினார். பிழைத்தவர்களை வீட்டுக்கு அனுப்ப, ரோட்டில் போன கார்களை நிறுத்தி ஏற்றிவிட்டார். யாருடைய உத்தரவுக்கும் காத்திருக்கவில்லை.

காப்பாற்ற வைத்த படகுகள்

சரி, ஏன் கவிழ்ந்தது? அன்றைய பத்திரிகைகளில் ஒரு கதை வந்தது. வேடிக்கை பார்க்க எல்லோரும் ஒரே பக்கம் ஓடினார்கள், அதனால்தான் சாய்ந்தது என்று. செத்தவர்கள் மேலேயே பழி. ஆனால் நான் சொன்ன நேரங்களைப் பாருங்க. கப்பல் ஒரே நொடியில் சாயவில்லை. முக்கால் மணி நேரம் இப்படியும் அப்படியும் தள்ளாடிக்கொண்டே இருந்தது.

தஞ்சாவூர் தலையாட்டி பொம்மை தெரியும் இல்லையா? எப்படித் தள்ளினாலும் நிமிர்ந்து உட்காரும். காரணம், பாரம் எல்லாம் அடியில். நல்ல கப்பலும் அப்படித்தான் இருக்கணும். ஈஸ்ட்லாண்ட் இதற்கு நேர் எதிர். 1903-ல் கட்டியது. ஒல்லியான, உயரமான, வேகமான கப்பல். அடியில் நிரந்தரப் பாரம் கிடையாது. தண்ணீர்த் தொட்டிகளை நிரப்பியும் காலி செய்தும்தான் சமநிலை. அந்தத் தொட்டிகளில் எவ்வளவு தண்ணீர் இருக்கிறது என்று காட்ட அளவுமானிகூட இல்லை. என்ஜினியர் அனுபவத்தை வைத்து ஊகிக்க வேண்டியதுதான்.

1904-லேயே ஏறக்குறைய 3,000 பேரோடு போகும்போது ஆபத்தாகச் சாய்ந்தது. ஊரில் கெட்ட பேர். 1910-ல் அப்போதைய உரிமையாளர்கள் என்ன செய்தார்கள் தெரியுமா? இந்தக் கப்பல் பாதுகாப்பு இல்லாதது என்று நிரூபிக்கும் பொறியாளருக்கு 5,000 டாலர் பரிசு என்று கிளீவ்லாண்ட் பத்திரிகையில் விளம்பரம் கொடுத்தார்கள்.

இதற்கு நடுவில் 1912-ல் டைட்டானிக் மூழ்கியது. படகுகள் போதாமல் போனதால்தான் அத்தனை பேர் இறந்தார்கள் என்று உலகமே கொதித்தது. அமெரிக்காவில் புதிய சட்டம் வந்தது. 1915 மார்ச்சில் அதிபர் வில்சன் கையெழுத்திட்டார். கப்பல்களில் உயிர்காப்புப் படகுகள் கூடுதலாக வேண்டும். கேட்கும்போது நல்ல சட்டம்தானே? ஆனால் ஏரிகளில் ஓடும் கப்பல்கள் ஆழம் குறைந்தவை, மேலே இவ்வளவு பாரம் வைத்தால் சில கப்பல்கள் கவிழும் என்று ஒரு கப்பல் கம்பெனி மேலாளர் விவாதத்தின்போதே எச்சரித்தார். செலவுக்குப் பயந்து சொல்கிறார் என்று நினைத்திருக்கலாம். அவர் சொன்னது சரியாகிவிட்டது.

ஈஸ்ட்லாண்ட் வடிவமைக்கப்பட்டது 6 படகுகளுக்கு. விபத்து நாளில் அதில் இருந்தவை 11 படகுகள், 37 மிதவைகள். ஒவ்வொரு மிதவையும் ஏறக்குறைய 500 கிலோ. பெரும்பாலும் மேல்தளங்களில். அந்தச் சட்டம் இன்னும் அமலுக்கே வரவில்லை. ஆனாலும் உரிமையாளர்கள் ஜூலை தொடக்கத்திலேயே படகுகளைக் கூட்டினார்கள். ஏன்னா, படகு கூடினால் ஏற்றலாம் என்கிற ஆள் கணக்கும் கூடும். 2,183-ஆக இருந்த அனுமதி 2,500 ஆனது. அதற்கு மூன்றே வாரம் கழித்து இந்த பிக்னிக்.

இதில் கவனிக்க வேண்டியது ஒன்றுதான். படகு எத்தனை என்று எண்ணினார்கள். ஆள் எத்தனை என்று எண்ணினார்கள். இரண்டும் பொருந்தியது, சான்றிதழ் கொடுத்தார்கள். இத்தனையையும் தலையில் தூக்கிக்கொண்டு இந்தக் கப்பல் நேராக நிற்குமா என்று மட்டும் யாரும் சோதித்துப் பார்க்கவில்லை. அதைச் சோதிக்கச் சொல்லி விதியும் இல்லை.

யார் பொறுப்பு?

இறந்தவர்களில் பெரும்பாலோர் 25 வயதுக்குக் கீழே. 22 குடும்பங்களில் ஒருவர்கூட மிஞ்சவில்லை. உடல்களை ஒரு ராணுவப் பயிற்சிக் கூடத்தில் வரிசையாக வைத்து எண் போட்டார்கள். 396-ஆம் எண் ஒரு சிறுவன். நாள்கணக்காக யாரும் தேடி வரவில்லை. ஏன் வரவில்லை என்பது பிறகுதான் தெரிந்தது. அப்பா, அம்மா, அக்கா மூவரும் அதே கப்பலில் இறந்திருந்தார்கள். கடைசியில் பாட்டி வந்து அடையாளம் காட்டினார். அந்தப் பையனுக்கு வயது ஏழு.

வழக்கு இருபது வருஷம் நடந்தது. 1935-ல் மேல்முறையீட்டு நீதிமன்றம் சொன்னது இதுதான்: கப்பல் பயணத்துக்குத் தகுதியானதே, கம்பெனி பொறுப்பல்ல, தொட்டிகளைச் சரியாக நிரப்பாத என்ஜினியர் மீதே தவறு. அந்த என்ஜினியர் ஜோசப் எரிக்சன் 1919-லேயே இறந்துவிட்டார். அன்றைய சட்டப்படி கம்பெனியின் பொறுப்பு கப்பலின் மதிப்போடு முடிந்தது. கப்பல் 46,000 டாலருக்கு விற்கப்பட்டது. அதிலும் முதல் உரிமை, ஆற்றிலிருந்து அதைத் தூக்கியவர்களுக்கு. குடும்பங்களுக்கு அந்த வழக்கால் ஒன்றும் கிடைக்கவில்லை என்றே சொல்லலாம். வெஸ்டர்ன் எலெக்ட்ரிக் கம்பெனி தனியாக ஒதுக்கிய ஒரு லட்சம் டாலர் நிவாரணம்தான் உதவியது.

கப்பல் என்ன ஆச்சு? மேல்தளங்களை வெட்டிக் குறைத்து, வில்மெட் என்று பெயர் மாற்றி, கடற்படை பயிற்சிக்கு வைத்துக்கொண்டது. மேல்பாரம் குறைந்த பிறகு, இரண்டாம் உலகப்போர் முடியும்வரை, பிரச்சினை இல்லாமல் ஓடியது. எனக்கு இதுதான் எந்தத் தீர்ப்பைவிடவும் தெளிவான பதிலாகத் தெரிகிறது.

சிகாகோ போகிற நண்பர்கள் வாக்கர் டிரைவும் லாசால் தெருவும் சேர்கிற இடத்தில் ஆற்றோரம் நின்று பாருங்க. ஒரு நினைவுப் பலகை இருக்கும். கரைக்கும் தண்ணீருக்கும் எவ்வளவு தூரம் என்று பார்த்தால் போதும்.

உங்க ஊர்ப் படகுத்துறையில் எத்தனை பேர் ஏறலாம் என்று ஒரு போர்டு இருந்தால், அந்த எண்ணை எப்படி முடிவு செய்தீர்கள் என்று ஒரு தடவை கேட்டுப் பாருங்க. என்ன பதில் வந்தது என்று எங்களுக்கும் எழுதுங்கள். அடுத்த எபிசோடில் சந்திப்போம்.